வெர்னன் ஆடாத ஆட்டம்

மருத்துவமனையின் அடித்தளத்தில் பழைய சாமான்கள் கிடக்கும் அறையைக் காலி செய்துகொண்டிருந்தார்கள். தர்ஷினிதான் தொலைபேசியில் சொன்னாள். நான் ஓய்வு பெற்றுப் பல ஆண்டுகள் கழித்து எங்கள் பிரிவில் வேலைக்குச் சேர்ந்த யாழ்ப்பாணத்துப் பெண் அவள்.

"அன்ரி, பேனையாலை கீறுற பழைய ஈ.ஈ.ஜி. மிசின் ஒண்டு கிடக்கு. தூக்கி எறியப் போகினம். பக்கத்திலை உங்கடை கையெழுத்திலை ஏதோ ஒட்டியிருக்கு. பாக்க வாறியளே?"

போனேன். ஒட்டியிருந்தது என் கையெழுத்துதான். "ஐந்தாம் பேனா அடைத்துக்கொள்ளும், வெந்நீரில் கழுவவும்" என்று ஆங்கிலத்திலும், பிழையான பிரெஞ்சிலும் எழுதியிருந்தேன். இப்போது எல்லாம் திரையில் ஓடுகிறது. பேனா, மை, காகித மடிப்பு எதையும் தர்ஷினி பார்த்ததில்லை. இயந்திரத்தைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தவள் கேட்டாள்.

"இதிலை நீங்கள் பிடிச்ச ஆக்களிலை மறக்கேலாத ஆள் ஆர் அன்ரி?"

"ஒரு ஆள் இல்லம்மா, ரெண்டு பேர்" என்று வாயில் வந்துவிட்டது. பிறகுதான், அந்த இரண்டு பேருக்கும் தலை ஒன்றுதான் என்பதைச் சொல்ல வேண்டியதாயிற்று. காபி ஆறும்வரை சொன்னேன். எழுதி வையுங்கோ என்றாள். எழுதுகிறேன். வெர்னன் என்பது அவருக்கு நான் வைத்த பெயர், உண்மைப் பெயர் வேறு.

நான் திருச்சியில் இயற்பியல் படித்தவள். அறுபதுகளின் கடைசியில் கணவருக்கு சென்ட் லோரன்ட்டில் ஒரு விமானத் தொழிற்சாலையில் பொறியாளர் வேலை கிடைத்து மாண்ட்ரியல் வந்தோம். கார்ட்டியர்வில்லில் வாடகை வீடு. முதல் குளிர்காலம் முழுவதும் ஜன்னல் பனியைச் சுரண்டியபடி வீட்டில் உட்கார்ந்திருந்தேன். இரண்டாவது குளிர்காலத்துக்குள் மருத்துவமனைப் பயிற்சியில் சேர்ந்துவிட்டேன். மூளையின் மின் அலைகளைப் பதிவு செய்யும் வேலை. பயிற்சிக் காலத்தைப் பற்றிச் சொல்ல ஒன்றும் இல்லை. தலை தலையாக அளந்தோம், அவ்வளவுதான்.

ஆனால் அந்த அளவுதான் வேலையின் உயிர். மூக்குத் தொடங்கும் பள்ளத்திலிருந்து பிடரி எலும்பு மேடு வரை ஒரு நாடா. காதிலிருந்து காது வரை இன்னொன்று. அதைப் பங்கு பிரித்து, சிவப்பு மெழுகுப் பென்சிலால் மண்டையில் புள்ளி வைக்க வேண்டும். ஒவ்வொரு புள்ளியிலும் முடியை விலக்கி, தோலைச் சுத்தம் செய்து, பசை வைத்து, கம்பி ஒட்ட வேண்டும். பிறகு விளக்கைக் குறைத்து, கண்ணை மூடச் சொல்லி, இயந்திரத்தை ஓட விடுவோம். பேனாக்கள் எல்லாம் ஒன்றாகக் கீறும் சத்தம், பக்கத்து அறையில் யாரோ அவசரமாகக் கடிதம் எழுதுவதுபோல இருக்கும். கண்ணைத் திறந்தார், இருமினார், விழுங்கினார் என்று நடப்பதையெல்லாம் ஓடும் காகிதத்தின் ஓரத்தில் பென்சிலால் குறித்துக்கொண்டே வர வேண்டும். வலிப்பு வந்தால் இயந்திரத்தை நிறுத்தக் கூடாது. பெயரைக் கேட்க வேண்டும். ஒரு சொல்லைக் கொடுத்து, தெளிந்த பிறகு அது நினைவிருக்கிறதா என்று கேட்க வேண்டும்.

எங்கள் தலைவர் டாக்டர் மார்சோ. குள்ளமானவர், கோடையிலும் இறுக்கமான அரைக்கோட்டு போட்டிருப்பார். பதிவான காகிதக் கட்டை மேசையில் வைத்து நின்றபடியேதான் படிப்பார். இடது கை மடிப்புகளைப் புரட்டிக்கொண்டே போகும். உதடு குவிந்து, சத்தம் வராத ஒரு சீழ்க்கை ஓடிக்கொண்டிருக்கும். சீழ்க்கை நின்றால் அந்தப் பக்கத்தில் ஏதோ இருக்கிறது என்று அர்த்தம். படித்து முடிக்கும்வரை நோயாளியின் பெயரைப் பார்க்க மாட்டார். பெயர் தெரிந்தால் கண் தனக்கு வேண்டியதைப் பார்க்கும் என்பார். கெட்ட செய்தி சொல்லும்போது மட்டும் உட்கார்வார். அதற்கென்று ஒரு முக்காலி இருந்தது, நோயாளியின் நாற்காலியைவிடத் தாழ்வானது. நோயாளி தன்னைக் குனிந்து பார்க்க வேண்டும், தான் அவரைக் குனிந்து பார்க்கக் கூடாது என்பது அவர் வழக்கம். அவர் காலால் முக்காலியை இழுக்கும் சத்தம் கேட்டாலே செய்தி நல்லதல்ல என்று எனக்குத் தெரிந்துவிடும்.

எழுபதில், பிரிவினைவாதிகள் ஆட்களைக் கடத்தினார்கள் என்று தெருவில் ராணுவம் வந்து நின்றதே, அதற்கு மறு ஆண்டு இலையுதிர் காலத்தில் வெர்னன் வந்தார்.

நகரத்தின் தொழில்முறைக் கால்பந்து அணியில் அவர் மாற்று ஆட்டக்காரர். இங்கே கால்பந்து என்றால் நம் ஊர்க் கால்பந்து இல்லை. இரு முனையும் கூம்பிய பந்தைக் கையில் பிடித்துக்கொண்டு ஓடுவதும், எறிவதும், ஓடுகிறவனை மோதி வீழ்த்துவதும்தான் ஆட்டம். வெர்னன் தற்காப்புப் பக்கம். எதிரணியில் பந்து வாங்க ஓடி வருபவனின் முகத்தைப் பார்த்தபடியே பின்னோக்கி ஓடி, அவன் எந்தப் பக்கம் திரும்புவான் என்று கண்டுபிடித்து, பந்து அவன் கைக்குப் போகாமல் தடுக்க வேண்டும்.

தலை அளக்கும் நேரத்தில் பெரும்பாலானவர்கள் பேச மாட்டார்கள். வெர்னன் பேசினார். அமெரிக்காவின் தெற்கில் ஒரு பஞ்சாலை ஊரைச் சேர்ந்த கறுப்பினத்தவர். ஒரு சிறிய கல்லூரியில் ஆடி, இரண்டு பெரிய அமெரிக்க அணிகளின் பயிற்சி முகாமுக்குப் போய், இரண்டிலும் கடைசி வடிகட்டலில் வெளியே வந்தவர். பிறகுதான் கனடா.

"இங்க என்ன வேலை தெரியுமா எனக்கு? வாரம் பூரா பயிற்சியில அடுத்த அணிக்காரன் மாதிரி நடிக்கணும். அவன் எப்படி நிப்பான், எப்படி ஓடுவான்னு படம் பாத்து அப்படியே செய்யணும். எங்க ஆளுங்க என்னை வெச்சுப் பழகிக்குவாங்க. ஞாயித்துக்கிழமை நான் ஓரத்துல நிப்பேன். என் சட்டையில அழுக்கே படாது."

"ஏன் இறக்க மாட்டேங்கறாங்க?"

"நான் யோசிக்கிறேனாம். கோச் சொல்றார். எதிராளி திரும்பும்போது நானும் திரும்பணும். நான் 'இது நிஜமாத் திரும்பறானா, ஏமாத்தறானா'ன்னு கேட்டுக்கறேன். அதுக்குள்ள அவன் போயிடறான்."

எங்களிடம் வருவதற்கு முந்தின ஞாயிற்றுக்கிழமை முதல்நிலை ஆட்டக்காரருக்குக் காலில் அடிபட்டு, வெர்னனை இறக்கியிருக்கிறார்கள். கொஞ்ச நேரத்திலேயே ஓடிவந்த ஒருவனின் முழங்கால் அவர் ஹெல்மெட்டின் இடப்பக்கம் மோதியது. விழுந்தார், எழுந்தார், ஆட்டத்தைத் தொடர்ந்தார். யாருக்கும் சந்தேகம் வரவில்லை, ஏனென்றால் அதன் பிறகு அவர் ஆடியதுபோல் அந்த அணியில் அவ்வளவு காலம் யாரும் ஆடியதில்லையாம். ஆட்டம் முடிந்து எல்லோரும் குளித்துவிட்டு வந்தபோது வெர்னன் மட்டும் ஷூ கயிற்றைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். "எப்ப ஆரம்பம்?" என்று கேட்டிருக்கிறார்.

நான் அவருக்கு எடுத்த முதல் பதிவில் கோளாறு ஒன்றும் இல்லை. மார்சோவின் சீழ்க்கை கடைசி மடிப்பு வரை நிற்கவில்லை. சில வாரம் ஓய்வு என்று எழுதினார். ஆனால் அடி எந்தப் பக்கம், எந்தக் கோணத்தில் விழுந்தது என்று தெரிய வேண்டும் என்று அணியிடமிருந்து ஆட்டத்தின் படச்சுருளைக் கேட்டு வாங்கினார்.

கூட்ட அறையில் பகலிலேயே திரைச்சீலைகளை இழுத்துவிட்டுப் படத்தைப் போட்டோம். புரொஜெக்டரை ஓட்டத் தெரிந்தவள் நான் என்பதால் நானும் இருந்தேன். மைதானத்தில் மிக உயரத்தில் மேடை கட்டி அங்கிருந்து பயிற்சியாளர்களுக்காக எடுக்கும் படம் அது. சத்தம் கிடையாது. ஆட்கள் கட்டைவிரல் அளவு தெரிவார்கள். வெர்னன் முன்வரிசையில் உட்கார்ந்து, "அது நான்... அது நான்" என்று காட்டிக்கொண்டு வந்தார். முழங்கால் மோதியது. விழுந்தார். எழுந்தார்.

அதற்குப் பிறகு அவர் "அது நான்" என்று காட்டவில்லை.

எனக்கு ஆட்டம் தெரியாது. எனக்கே வித்தியாசம் தெரிந்தது. அதுவரை தயங்கித் தயங்கி ஓடிய உருவம், இப்போது எதிராளி திரும்புவதற்கு முன்பே அங்கே போய் நின்றது. எறிந்த பந்தை எதிராளியின் விரலிலிருந்து பிடுங்கியது. விழுந்தவன் மேல் விழுந்து, உடனே எழுந்து நின்றது. மூச்சு வாங்குவதுபோலவே தெரியவில்லை.

"யார் இது?" என்றார் வெர்னன்.

"நீங்கள்தான்" என்றார் மார்சோ.

"அவன் யோசிக்கவே இல்லை." குரல் தாழ்ந்துவிட்டது. பிறகு, "மேடம், கொஞ்சம் பின்னால ஓட்டுங்க" என்றார்.

ஓட்டினேன். அப்போதுதான் நாங்களும் பார்த்தோம். அந்த ஆட்டம் விசிலுக்கு விசில் துண்டு துண்டாக நடக்கும், ஒவ்வொரு துண்டு முடிந்ததும் மற்றவர்கள் தரையைப் பார்த்துக்கொண்டோ, ஒருவர் முதுகில் ஒருவர் தட்டிக்கொண்டோ திரும்புவார்கள். அந்த உருவம் மட்டும் நின்ற இடத்தில் நின்று, தலையைத் தூக்கிக் கேமராவைப் பார்த்தது. ஒவ்வொரு முறையும் அப்படித்தான். அவ்வளவு உயரத்தில் இருந்த கேமராவை ஆடுகிறவர்கள் யாரும் நினைப்பதுகூட இல்லையாம்.

"ஏன் என்னைப் பாக்கறான்?" என்றார் வெர்னன்.

டாக்டர் மார்சோ எழுந்துபோய்த் திரைச்சீலையைத் திறந்தார்.

ஓய்வு முடிந்ததும் வெர்னனுக்கு முதல்நிலை இடம் கிடைத்தது. அந்தப் படத்தைப் பார்த்த பிறகு எந்தப் பயிற்சியாளர்தான் கொடுக்காமல் இருப்பார். எங்களுக்கு வெர்னன் இரண்டு அனுமதிச் சீட்டு அனுப்பியிருந்தார். என் கணவருக்கு ஒரே சந்தோஷம்.

மைதானம் ஆற்றை ஒட்டி இருந்தது. காற்று எலும்பைக் குடைந்தது. எங்கள் இடம் ஆட்டக்காரர்கள் வந்துபோகும் சுரங்கவழிக்குப் பக்கத்தில். அடுத்த இருக்கையில் லிஸ் இருந்தாள். வெர்னன் கட்டிக்கொள்ள இருந்த பெண். வில்லரேயில் ஒரு குழந்தைகள் காப்பகத்தில், இங்கே கார்தெரி என்பார்கள், அதில் வேலை. "வெர்னன் ரெண்டு நாளாச் சாப்பிடலை" என்று என்னிடம் சொன்னாள். அவள் ஆங்கிலத்தில் பாதி பிரெஞ்சு இருக்கும். "எல்லாரும் அந்த ஆட்டத்தை எதிர்பாக்கறாங்க. அவருக்கு அந்த ஆட்டம் ஞாபகமே இல்லை. எங்கேருந்து கொண்டுவருவார்?"

முதல் பாதியில் பழைய வெர்னன்தான் ஆடினார். எப்போதும் ஒரு கணம் பின்தங்கினார். எதிரணி அவர் பக்கமாகவே பந்தை எறிய ஆரம்பித்தது. கூட்டம் கத்தியது. என்ன கத்தினார்கள் என்று லிஸ் மொழிபெயர்க்கவில்லை.

இடைவேளையில் லிஸ் காபி வாங்கப் போனாள். கணவரும் கூடப் போனார். நான் குளிரில் கையைத் தேய்த்துக்கொண்டு சுரங்கவழியைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தேன். மற்றவர்கள் உள்ளே போன பிறகு வெர்னன் ஒரு கான்கிரீட் தூணுக்குப் பின்னால் ஒதுங்கினார். ஹெல்மெட்டைக் கழற்றவில்லை. தூணுக்கு இடப்பக்கத்தைக் காட்டி நின்று, தலையை மோதினார். நிதானமாக, ஆணி அடிப்பவர் அடித்துவிட்டு ஆணி இறங்கிவிட்டதா என்று பார்ப்பாரே, அப்படி ஒரு மோதல், ஒரு காத்திருப்பு, மறுபடி ஒரு மோதல். எழுந்து கம்பித் தடுப்பு வரை போவதற்குள் அவர் நிறுத்திவிட்டார். நிமிர்ந்து நின்றார். பிறகு அவசரமே இல்லாமல் உள்ளே நடந்து போனார்.

காவலுக்கு நின்ற ஆளிடம் ஓடிப்போய்ச் சொன்னேன். ஆங்கிலத்தில் சொன்னேன், அவர் பிரெஞ்சில் பதில் சொல்லி என்னைத் திரும்பி உட்காரச் சொன்னார். லிஸ் காபியோடு வந்தாள். அவளிடம் சொன்னேன். அவள் கையிலிருந்த காபி சாய்ந்து கையுறையில் வழிந்தது. உள்ளே போக அவளையும் விடவில்லை. நாங்கள் தடுப்பைப் பிடித்துக்கொண்டு நிற்கும்போதே இரண்டாம் பாதி தொடங்கிவிட்டது.

படத்தில் பார்த்த உருவம் களத்தில் நின்றது.

"பாத்தியா சரோ, என்னமா ஆடறான்!" என்று என் கணவர் கையைத் தட்டினார். கூட்டம் எழுந்து நின்று ஆரவாரம் செய்தது. நானும் லிஸும் மட்டும் பந்தைப் பார்க்கவில்லை. ஒவ்வொரு முறை விசில் ஊதியதும் அது நின்று, தலையைத் தூக்கி, கேமரா இருந்த மேடையைப் பார்த்தது. லிஸ் என் முழங்கையைப் பிடித்திருந்த இடத்தில் ஒரு வாரம் கன்றிப் போயிருந்தது.

ஆட்டம் முடிந்து, ஆட்டக்காரர்கள் வெளியே வரும் கதவருகே காத்திருந்தோம். வெர்னன் குளித்து, கோட்டுப் போட்டுக்கொண்டு வந்தார். லிஸ் ஓடிப்போய் முன்னால் நின்றாள். அவர் அவளை மரியாதையாகப் பார்த்தார். புன்னகைகூட இருந்தது.

"நீங்க யாருக்காகக் காத்திருக்கீங்க?" என்று கேட்டார்.

மறுநாள் காலை லிஸே அவரை அழைத்துக்கொண்டு எங்கள் பிரிவுக்கு வந்தாள். அதற்குள் அவர் வெர்னனாகிவிட்டிருந்தார். இடைவேளைக்குப் பிறகு நடந்தது எதுவும், வீட்டுக்கு எப்படிப் போனோம் என்பதும் தெரியவில்லை என்றார். நான் தூணருகே பார்த்ததை மார்சோவிடம் முன்பே சொல்லியிருந்தேன். அவர் சீழ்க்கை இல்லாமல் கேட்டார். "தலைக்கு அளவு எடுங்கள், மதாம். பேனா என்ன சொல்கிறது என்று பார்ப்போம்" என்றார்.

வெர்னன் உற்சாகமாக இருந்தார். அதுதான் எனக்குப் பயமாக இருந்தது.

"நேத்து அவன் வந்தான்" என்றார், நான் நாடாவைப் பிடித்திருக்கும்போது. "கோச் என்னைக் கட்டிப் பிடிச்சுக்கிட்டாராம். இன்னும் ஒரே ஒரு ஆட்டம் மேடம். அதுல அவன் ஆடிட்டா அடுத்த வருஷத்துக்குக் கையெழுத்துப் போடறாங்க. இல்லைன்னா அணி விட்டுடும். அணி விட்டா இந்த நாட்டுல இருக்கற அனுமதியும் போயிடும். லிஸ்ஸை விட்டுட்டுப் போகணும்."

"நீங்க சொல்ற அவர் நேத்து லிஸ்ஸை யாருன்னே தெரியாம நின்னார்."

"லிஸ் அதைச் சொன்னா. பரவாயில்லை. நான்தான் திரும்பி வந்துட்டேனே."

கம்பிகளை ஒட்டி, விளக்கைக் குறைத்தேன். கண்ணை மூடச் சொன்னேன். ஆழமாக மூச்சை இழுத்து விடச் சொன்னேன். கொஞ்ச நேரம் எல்லாம் ஒழுங்காகத்தான் ஓடியது. பிறகு இடக்காதுக்கு மேலே ஒட்டியிருந்த கம்பிகளின் பேனாக்கள் மட்டும் தனியாக ஆட ஆரம்பித்தன. முதலில் சிறு பற்கள்போல. பிறகு ஒரே சீராக, உயரமாக. நான் மணியை அழுத்திவிட்டு, ஓரத்தில் குறிக்கப் பென்சிலை எடுத்தேன்.

வெர்னன் கண்ணைத் திறந்து எழுந்து உட்கார்ந்தார்.

அதே முகம்தான். ஆனால் பேசும்போது எப்போதும் கொஞ்சம் சுருங்கியிருக்கும் நெற்றி இப்போது வழவழவென்று இருந்தது. கண் சிமிட்டவே இல்லை. அறையைச் சுற்றிப் பார்க்காமல் நேராக என்னைப் பார்த்தார்.

"அவன் போயிட்டானா?" என்று கேட்டார்.

பழகிய வேலை தன்னால் நடந்தது. "உங்க பேர் என்ன?" என்றேன். பதில் இல்லை. "ஆப்பிள். இந்தச் சொல்லை ஞாபகம் வெச்சுக்குங்க" என்றேன். அது எழுந்து நின்றது. முழங்காலை மடித்து, கைகளைத் தொங்கவிட்டு, என் முகத்தைப் பார்த்தபடியே பின்னோக்கி இரண்டு எட்டு வைத்தது. கம்பிகள் இழுபட்டுத் தெறித்தன. பேனாக்கள் தாறுமாறாகக் காகிதத்தைக் கிழித்தன. நான் வலப்பக்கம் நகர்ந்தேன். நான் நகர்வதற்கு முன்பே அது அங்கே நகர்ந்திருந்தது.

சுவரில் முதுகு தட்டியதும் நின்றது. தலையைத் தூக்கி, அறையின் மேல் மூலையைப் பார்த்தது. அங்கே ஒன்றும் இல்லை.

பிறகு நெற்றி சுருங்கியது. வெர்னன் தன் கையைப் பார்த்தார், அறுந்து தொங்கும் கம்பிகளைப் பார்த்தார்.

"ஆரம்பிச்சிட்டீங்களா?" என்றார்.

"நான் ஒரு சொல் கொடுத்தேனே, ஞாபகம் இருக்கா?"

"என்ன சொல்?" என்றவர், தரையில் குவிந்திருந்த காகிதத்தைப் பார்த்ததும் புரிந்துகொண்டார். "இங்க வந்தானா? என்ன சொன்னான்?"

சொன்னேன். அவரிடம் எப்படி மறைப்பது, அவர் வாயிலிருந்து வந்த சொல் அல்லவா. கேட்டுவிட்டுப் படுக்கையின் விளிம்பை இறுகப் பிடித்துக்கொண்டார்.

"மேடம், அந்த மடிப்பை மட்டும் கிழிச்சுடுங்க. ஒரே ஒரு ஆட்டம். உங்க காலைப் பிடிச்சுக்கறேன்."

"முடியாது, வெர்னன்."

"நான் இவ்வளவு காலமும் ஓரத்துல நின்னவன். உங்களுக்குப் புரியாது."

"புரியுது. ஆனா முடியாது."

டாக்டர் மார்சோ வந்தார். நின்றபடி புரட்டினார். சீழ்க்கை எந்த இடத்தில் நின்றது என்று வெர்னனும் கவனித்தார். லிஸ்ஸை உள்ளே கூப்பிட்டார்கள். பிறகு முக்காலி தரையில் உராயும் சத்தம். மார்சோ தாழ்ந்து உட்கார்ந்து, வெர்னனை நிமிர்ந்து பார்த்தார்.

"நீங்கள் இனி ஆடக் கூடாது."

"நான் ஆடவே இல்லையே டாக்டர். நல்லா ஆடினது எல்லாம் அவன்."

"அப்படி ஒருவர் இல்லை. இடப்பக்கத்தில் ஒரு காயம் இருக்கிறது. அது கிளறப்படும்போது ஒருவகை வலிப்பு வந்து நீங்கள் உங்களை விட்டு விலகிப் போகிறீர்கள். அது திறமை இல்லை, நோய்."

"அப்படின்னா அந்த நோயை எங்கிட்டயே விட்டுடுங்க."

அப்படி ஒருவர் கேட்டு மார்சோ அதுவரை பார்த்ததில்லை என்று நினைக்கிறேன். பிறகு மெதுவாகச் சொன்னார். "இன்னொரு அடி விழுந்தால் நீங்கள் எழுந்து நிற்கக்கூடும். எழுந்து நிற்பது யார் என்று எனக்குத் தெரியாது. திரும்பி வருவீர்களா என்றும் தெரியாது."

லிஸ் பிரெஞ்சில் ஏதோ சொல்லி வெர்னனின் தலையைத் தன் வயிற்றோடு சேர்த்துக்கொண்டாள். முடியெல்லாம் பசை. அவள் சட்டையும் பாழாயிற்று.

அந்த வாரமே அணி அவரை விடுவித்தது. கடைசி ஆட்டத்தில் வேறொருவர் ஆடினார். வெர்னனும் லிஸும் மணந்துகொண்டார்கள், அதனால் அவர் இங்கேயே இருக்க முடிந்தது. சென்ட் லோரன்ட்டில் ஒரு கிடங்கில் வேலை கிடைத்தது. காலையும் மாலையும் மாத்திரை. ஆண்டுக்கு ஒரு முறை என்னிடம் வருவார். நான் தலை அளப்பேன். பேனாக்கள் ஒழுங்காக ஓடும். ஆட்டத்தைப் பற்றி அவர் பேசவே மாட்டார். லிஸ் சொந்தமாக ஒரு கார்தெரி தொடங்கினாள். வலிப்பே இல்லாமல் ஆண்டுகள் போனதால் வெர்னனுக்கு வண்டி ஓட்ட அனுமதி திரும்பக் கிடைத்தது. கிடங்கு வேலையை விட்டுவிட்டு, காப்பகத்துக் குழந்தைகளை வேனில் ஏற்றி இறக்கும் வேலையை எடுத்துக்கொண்டார்.

எழுபதுகளின் கடைசியில் ஓர் இலையுதிர் காலம். அந்த ஆண்டின் பதிவும் சுத்தமாக இருந்தது. மாத்திரையைக் குறைத்து நிறுத்திவிடலாம் என்றார் மார்சோ. வெர்னன் தலையைக் கழுவப் போயிருந்தபோது லிஸ் கதவைச் சாத்தினாள்.

"டாக்டர், நிறுத்தறதுக்கு முன்னால ஒண்ணு சொல்லணும். சனிக்கிழமை மத்தியானம் இவர் பக்கத்துப் பூங்காவுக்குப் போறார். தனியா. ஒரு நாள் பின்னாலயே போய்ப் பாத்தேன். அந்த ஓட்டம். அதே ஓட்டம். கூப்பிடப் பயமா இருந்துச்சு. திங்கட்கிழமை இவர்தான் குழந்தைகளை வேன்ல ஏத்திட்டுப் போறார்." அவள் என் பக்கம் திரும்பினாள். "மதாம், நீங்களும் அவனைப் பாத்திருக்கீங்க. வந்து பாருங்க. எது யாருன்னு என்னால சொல்ல முடியலை."

"நானும் வருகிறேன்" என்றார் டாக்டர் மார்சோ. "அந்த ஆளை நான் படத்தில்தான் பார்த்திருக்கிறேன்."

அந்தச் சனிக்கிழமை லிஸ்ஸின் காரில் மூவரும் உட்கார்ந்திருந்தோம். வில்லரேயில் வீடுகளுக்கு நடுவே ஒரு சிறிய திடல். இலை உதிர்ந்த மரங்கள். வெயில் இருந்தது, சூடு இல்லை. வெர்னன் பழைய சாம்பல் நிறச் சட்டையில் களத்தின் நடுவே நின்றார். எதிரே யாரும் இல்லை. முழங்காலை மடித்தார். பின்னோக்கி ஓட ஆரம்பித்தார்.

ஆட்டத்தை விட்டு இத்தனை ஆண்டு கழித்து ஒருவர் அப்படி ஓட முடியும் என்று நான் நினைத்ததில்லை. வெறும் காற்றில் ஒருவன் வளைந்து வளைந்து ஓடுவதும், இவர் ஒவ்வொரு வளைவுக்கும் முன்பே அங்கே இருப்பதும் கண்ணுக்குத் தெரிந்தது. எம்பி எதையோ பறித்தார். விழுந்தார். எழுந்தார். நின்று, தலையைத் தூக்கி மேலே பார்த்தார். லிஸ் ஸ்டீயரிங்கை இறுகப் பிடித்துக்கொண்டாள்.

டாக்டர் மார்சோ கதவைத் திறந்துகொண்டு இறங்கிப் போனார். அரைக்கோட்டும் நல்ல ஷூவுமாகச் சேற்றுப் புல்லில் நடந்து போய் வெர்னன் முன்னால் நின்றார். உட்கார முக்காலி இல்லை. வெர்னன் திடுக்கிட்டதும், சிரித்ததும், முழங்காலைப் பிடித்துக்கொண்டு நொண்டியபடி இரண்டடி வைத்ததும் தெரிந்தது. நெடுநேரம் பேசினார்கள். மார்சோ விரலை நீட்டிக் கண்ணைச் சோதித்தார். பேசிக்கொண்டிருக்கும்போதே வெர்னன் காரைப் பார்த்துக் கையசைத்தார்.

மார்சோ திரும்பி வந்து காரில் ஏறினார். குளிரில் மூக்கு சிவந்திருந்தது.

"வெர்னன்தான்" என்றார். "எல்லாம் சரியாகச் சொல்கிறார். நாம் மூவரும் வேவு பார்க்க வந்தது உட்பட. சனிக்கிழமைதோறும் அவன் செய்ததையெல்லாம் ஒன்று விடாமல் செய்து பார்க்கிறாராம். அவன் வருவதே இல்லையாம்."

லிஸ் ஸ்டீயரிங்கில் நெற்றியைச் சாய்த்துக்கொண்டாள்.

"மாத்திரை தொடரட்டும். வேனை நீங்களே ஓட்டுங்கள், மதாம்" என்றார் மார்சோ.

"அவர்தான்னு சொன்னீங்களே."

"சொன்னேன்."

கிளம்பலாம் என்று யாரும் சொல்லவில்லை. வெர்னன் களத்தின் நடுவுக்குத் திரும்பிப் போயிருந்தார். இப்போது நொண்டல் இல்லை. முழங்காலை மடித்து, யாரோ ஒருவன் முகத்தைப் பார்ப்பதுபோல் எதிரே பார்த்துக்கொண்டு, பின்னோக்கி ஓடினார். வெயில் மரங்களுக்குப் பின்னால் இறங்கும்வரை நாங்கள் பார்த்துக்கொண்டே இருந்தோம்.

"நன்றாக ஆடுகிறார், இல்லையா?" என்றார் டாக்டர் மார்சோ.

"யார்?" என்று லிஸ் கேட்டாள்.